முன்னிலையாதல்: இந்திய உரிமையியல் நீதிமன்றங்களில் வருகையும் தொலைவும்

நீதிமன்றத்திற்கு நேரில் செல்லாமல் வழக்கில் பங்கேற்பது 2020ஆம் ஆண்டின் பெருந்தொற்றோடு பிறந்த புதுமை என்னும் எண்ணம் பரவலாக உள்ளது. காணொலிக் காட்சி வழி விசாரணை பெருமளவில் நடைமுறைக்கு வந்தது அப்போதுதான் என்பதில் ஐயமில்லை. ஆயினும் அதன் பின்னுள்ள கேள்வி மிகப் பழையது. யார் நேரில் வர வேண்டும், யார் வர வேண்டியதில்லை, வராதவருக்காகச் செலவை யார் ஏற்பது என்னும் கேள்விகளுக்கு இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஏறத்தாழ 160 ஆண்டுகளாக விடை சொல்லி வந்துள்ளது. அவ்விடைகள் எல்லோருக்கும் ஒன்றாக இருந்ததில்லை. இன்றைய தொலைவழி விசாரணை பற்றிய விவாதத்தைப் புரிந்துகொள்ள அந்த வேறுபாடுகளின் வரலாறு உதவும்.

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவுபடுத்திக்கொள்வது நல்லது. வழக்கில் 'முன்னிலையாதல்' வேறு; 'சாட்சியம் அளித்தல்' வேறு. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பு, 3ஆம் கட்டளையின் முதல் விதியில், வாதியோ பிரதிவாதியோ தாமே வரலாம், அங்கீகரிக்கப்பட்ட முகவர் மூலம் வரலாம், வழக்குரைஞர் மூலமும் வரலாம் என்று கூறுகிறது. நேரில் வர வேண்டும் என நீதிமன்றம் ஆணையிட்டால் மட்டும் கட்சிக்காரர் தாமே வந்தாக வேண்டும். எனவே பெரும்பாலான வாய்தாக்களில் கட்சிக்காரரின் உடல் நீதிமன்றத்தில் இருப்பது சட்டத்தின் தேவையாக ஒருபோதும் இருந்ததில்லை. வழக்குரைஞரின் வக்காலத்து அந்த வருகைக்கு ஈடாக நின்றது. வழக்குரைஞரும் வாராதபோதுதான் 9ஆம் கட்டளையின் கடுமை வெளிப்படும். வாதி தரப்பில் ஒருவரும் வராவிட்டால் வழக்கு தள்ளுபடியாகும். பிரதிவாதி தரப்பில் ஒருவரும் வராவிட்டால் ஒருதலைப்பட்ச விசாரணை நடக்கும்.

சாட்சியத்தின் நிலை அவ்வாறன்று. சாட்சி திறந்த நீதிமன்றத்தில், நீதிபதியின் முன்னிலையில், வாய்மொழியாகச் சொல்ல வேண்டும் என்பது பொது நெறி. சாட்சியின் சொல்லை மட்டுமன்றி அவர் நடந்துகொள்ளும் முறையையும் நீதிபதி நோக்கி, குறிப்பிடத்தக்கதாகக் கருதினால் பதிவு செய்யலாம் என்று 18ஆம் கட்டளையின் 12ஆம் விதி கூறுகிறது. தயக்கம், தடுமாற்றம், முகக்குறிப்பு ஆகியவை உண்மையை அளக்க உதவும் என்பது இவ்விதியின் அடிப்படை. தொலைவழிச் சாட்சியத்திற்கு எதிராக இன்று எழும் வாதங்களில் பெரும்பகுதி இந்த நம்பிக்கையிலிருந்தே கிளைக்கிறது.

இந்நெறிக்கு விலக்குகள் தொடக்கத்திலேயே இருந்தன. 1859ஆம் ஆண்டின் 8ஆவது சட்டமே பிரிட்டிஷ் இந்தியாவின் முதல் உரிமையியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பு. நாட்டு வழக்கப்படி பொதுவெளியில் தோன்றுமாறு கட்டாயப்படுத்தக் கூடாத பெண்களுக்கு அது நேரில் வருவதிலிருந்து விலக்களித்தது. அதே கருத்து 1908ஆம் ஆண்டுத் தொகுப்பின் 132ஆம் பிரிவாகத் தொடர்ந்தது. இன்றும் அது நீக்கப்படவில்லை. வட இந்தியாவில் 'பர்தாநஷீன்' என்றும், தமிழ் வழக்கில் 'கோஷா' என்றும் குறிக்கப்பட்ட மகளிரே அப்பிரிவின் நோக்கில் இருந்தவர்கள். திருவல்லிக்கேணியின் அரசு மகப்பேறு மருத்துவமனைக்கு மக்கள் வழக்கில் நிலைத்துவிட்ட 'கோஷா ஆஸ்பத்திரி' என்னும் பெயர் அந்தச் சமூக வழக்கத்தின் எச்சமாக இன்றும் உள்ளது.

இவ்விலக்கு முழுமையானதன்று. அப்பெண்ணின் சாட்சியம் வழக்கிற்குத் தேவைப்பட்டால், நீதிமன்றம் ஓர் ஆணையரை நியமித்து அவரது இல்லத்திற்கு அனுப்பும். ஆணையரும் இரு தரப்பு வழக்குரைஞர்களும் திரைக்கு இப்பால் அமர்வர். சாட்சி அப்பால் இருந்து விடையளிப்பார். பல்லக்கிற்குள் அமர்ந்தவாறே நீதிமன்றத்திற்கு வந்து சாட்சியளித்த நிகழ்வுகளும் உண்டு. இரு முறைகளிலும் ஒரே சிக்கல் எழுந்தது. திரைக்குப் பின்னிருந்து பேசுபவர் வழக்கிற்குரிய பெண்தானா? அவருக்கு அருகில் அமர்ந்து விடைகளைச் சொல்லிக் கொடுப்பவர் எவரேனும் உண்டா? அவரை நன்கறிந்த ஒருவர் உள்ளே சென்று அடையாளம் உறுதி செய்து வருவது முதற்கேள்விக்குக் காணப்பட்ட வழி. இரண்டாம் கேள்விக்கு முழுமையான தீர்வு கிட்டவில்லை. ஒரு நூற்றாண்டு கழித்து, கணினித் திரையின் முன் அமர்ந்த சாட்சியைப் பற்றி இதே இரு கேள்விகளும் மீண்டும் எழுந்தன.

132ஆம் பிரிவை அடுத்துள்ள 133ஆம் பிரிவு வேறொரு வகையினரைக் காக்கிறது. சமூகத் தகுதியால் உயர்ந்தவர் என அரசு கருதும் எவரையும் நேரில் வருவதிலிருந்து விலக்கும் அதிகாரத்தைக் காலனிய ஆட்சி தன்னிடம் வைத்திருந்தது. விடுதலைக்குப் பின், 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தால் அந்த விருப்புரிமை நீங்கி, வரையறுத்த பட்டியல் ஒன்று இடம்பெற்றது. குடியரசுத் தலைவர், குடியரசுத் துணைத் தலைவர், மக்களவைத் தலைவர், ஒன்றிய, மாநில அமைச்சர்கள், உச்ச நீதிமன்ற, உயர் நீதிமன்ற நீதிபதிகள், ஆளுநர்கள் முதலியோர் அதில் உள்ளனர். முன்னாள் சமஸ்தான ஆட்சியாளர்களும் அதில் இடம்பெற்றனர். இவர்களுள் ஒருவர் விலக்கைக் கோரி, அதனால் ஆணையர் மூலம் சாட்சியம் பதிவு செய்ய நேரிட்டால், அவரது சாட்சியத்தை வேண்டும் தரப்பு ஏற்காதவிடத்து அச்செலவை அவரே ஏற்க வேண்டும் என்று அதே பிரிவு கூறுகிறது. வராமலிருப்பதற்கு ஒரு விலை உண்டு என்பதைச் சட்டம் வெளிப்படையாக ஒப்புக்கொண்ட இடம் இது.

மூன்றாவது விலக்கு தொலைவைப் பற்றியது. 16ஆம் கட்டளையின் 19ஆம் விதி, நீதிமன்றத்தின் எல்லைக்கு வெளியே வாழும் சாட்சியை எவ்வளவு தூரத்திலிருந்து வரவழைக்கலாம் என்று கணக்கிடுகிறது. தொடக்கத்தில் மைல்களில் இருந்த அளவு, 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தால் கிலோமீட்டராக மாறியது. இன்றைய விதிப்படி 100 கிலோமீட்டருக்குக் குறைவான தொலைவில் வாழ்பவரை நேரில் வருமாறு ஆணையிடலாம். பயணத் தொலைவில் ஆறில் ஐந்து பங்கிற்குத் தொடர்வண்டியோ நீராவிக் கப்பலோ நிலைபெற்ற பிற பொதுப் போக்குவரத்தோ இருக்குமானால் அந்த எல்லை 500 கிலோமீட்டர். இரு ஊர்களுக்கிடையே வானூர்தி வசதி இருந்து, சாட்சிக்கு அதன் கட்டணமும் அளிக்கப்பட்டால், இவ்வெல்லைக்கு அப்பாலிருந்தும் அழைக்கலாம். போக்குவரத்து வளர வளர, வருகைக் கடமையின் வட்டமும் விரிந்தது. புதிய தொழில்நுட்பத்தைக் கண்டு சட்டம் தயங்கியது என்று பொதுவாகச் சொல்லப்படுவதை இவ்விதி பொய்யாக்குகிறது. உடலை நீதிமன்றத்திற்குக் கொண்டுவந்து சேர்க்கும் தொழில்நுட்பத்தைச் சட்டம் உடனுக்குடன் ஏற்றது. உடல் வராமலே குரலையும் முகத்தையும் கொண்டுவரும் தொழில்நுட்பத்தை ஏற்பதற்குத்தான் நீண்ட காலம் பிடித்தது.

இங்கே கவனிக்கத்தக்கது ஒன்று உண்டு. இந்தத் தொலைவுக் கணக்கு சாட்சிகளுக்கானது. கட்சிக்காரரை நேரில் வருமாறு ஆணையிடுவதற்கும் 5ஆம் கட்டளையின் 4ஆம் விதி இதுபோன்ற தொலைவு எல்லையை வகுக்கிறது; ஆயினும் தொலைவிலுள்ள ஊரில் வழக்கை நடத்தும் சுமையிலிருந்து அது அவரைக் காப்பதில்லை. தொலைவில் வாழும் பிரதிவாதி, வழக்குத் தொடரப்பட்ட ஊருக்கு வழக்குரைஞரை அமர்த்தியோ தாமே சென்றோ வழக்கை நடத்த வேண்டியிருந்தது. இக்குறை பிற்காலத்தில் திருமண வழக்குகளில் கூர்மையாக வெளிப்பட்டது.

வர இயலாத சாட்சிக்குச் சட்டம் வகுத்த பொது வழி 26ஆம் கட்டளையின் ஆணையர் முறை. நோயால் நடமாட இயலாதவர், நீதிமன்ற எல்லைக்கு அப்பால் வாழ்பவர், எல்லையை விட்டு நீங்கவிருப்பவர் ஆகியோரின் சாட்சியத்தை ஆணையர் பதிவு செய்து அனுப்புவார். வெளிநாட்டில் உள்ளவராயின், அந்நாட்டு நீதிமன்றத்திற்கு வேண்டுகோள் மடல் செல்லும். இம்முறைக்கு இரண்டு பெருங்குறைகள் இருந்தன. காலமும் செலவும் மிகுதி. தீர்ப்பெழுதும் நீதிபதி சாட்சியைக் காண்பதே இல்லை. ஆணையர் அனுப்பிய தாள்களில் சொற்கள் இருக்கும். அவை சொல்லப்பட்ட விதம் இராது. இருந்தும் அந்தச் சாட்சியத்தை முறைப்படி ஏற்பதற்குச் சட்டம் இடமளித்தது.

2002ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த திருத்தங்கள் இந்த நிலையை மேலும் மாற்றின. திருத்தப்பட்ட 18ஆம் கட்டளையின் 4ஆம் விதிப்படி, சாட்சியின் முதல் விசாரணை உறுதிமொழி ஆவணமாக எழுத்தில் அளிக்கப்படுகிறது. குறுக்கு விசாரணையை நீதிமன்றமோ அது நியமிக்கும் ஆணையரோ பதிவு செய்யலாம். சாட்சியின் நடத்தை பற்றிய குறிப்பை எழுதும் பொறுப்பும் ஆணையருக்கு வழங்கப்பட்டது. எழுத்தாலோ இயந்திர வழியாலோ சாட்சியத்தைப் பதிவு செய்யலாம் என்றும் அவ்விதி கூறிற்று. இத்திருத்தங்களை எதிர்த்துச் சேலம் வழக்குரைஞர் சங்கம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் அவற்றைச் செல்லத்தக்கவை எனக் கொண்டது; இயந்திர வழி என்பதில் ஒலி, ஒளிப் பதிவும் அடங்கும் என்று விளக்கியது. வழக்குத் தேக்கத்தைக் குறைக்க மேற்கொள்ளப்பட்ட இம்மாற்றங்கள், உரிமையியல் சாட்சியத்தின் பெரும்பகுதியை நீதிபதியின் கண்பார்வையிலிருந்து முன்னரே விலக்கிவிட்டன. எனவே காணொலிச் சாட்சியத்தை நீதிபதி முன் நேர்நின்ற சாட்சியோடு மட்டும் ஒப்பிடுவது முறையான ஒப்பீடாகாது. ஆணையர் அனுப்பும் தாளோடும் அதனை ஒப்பிட வேண்டும். அவ்வாறு ஒப்பிட்டால், சாட்சியின் முகத்தை நீதிபதிக்கு மீட்டுத் தந்ததே காணொலி என்றும் கூறலாம்.

காணொலிச் சாட்சியத்திற்கு உச்ச நீதிமன்றம் வழிதிறந்தது குற்றவியல் வழக்கொன்றில்தான். மகாராஷ்டிர அரசு எதிர் டாக்டர் பிரபுல் தேசாய் என்னும் 2003ஆம் ஆண்டு வழக்கில், அமெரிக்காவிலிருந்த மருத்துவ வல்லுநர் ஒருவர் சாட்சியளிக்க இசைந்தார். இந்தியாவிற்கு வர இசையவில்லை. குற்றஞ்சாட்டப்பட்டவரின் 'முன்னிலையில்' சாட்சியம் பதிவாக வேண்டும் என்னும் சட்டத்தொடர், ஒரே அறையில் உடலால் இருப்பதைத்தான் குறிக்கிறதா என்பது கேள்வி. ஒருவரையொருவர் காணவும் கேட்கவும் இயன்றால் முன்னிலை நிறைவேறுகிறது என்று உச்ச நீதிமன்றம் விடையளித்தது. உயிரும் உடைமையும் மானமும் பணயமாகும் குற்றவியல் வழக்கிலேயே இது ஏற்கத்தக்கதானால், உரிமையியல் வழக்கில் மறுப்பதற்கு வலுவான காரணம் இராது.

அதே ஆண்டில் கர்நாடக உயர் நீதிமன்றம், டுவென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனம் தொடர்பான உரிமையியல் வழக்கில் இக்கருத்தைச் செயல்முறையாக்கியது. சாட்சியின் அடையாளத்தை உறுதிமொழி ஆவணத்தால் மெய்ப்பிக்க வேண்டும். வழக்கின் ஆவணங்களை அவருக்கு முன்னரே அனுப்ப வேண்டும். செலவை வேண்டுபவர் ஏற்க வேண்டும். இந்திய நீதிமன்றத்தின் அலுவல் நேரத்திலேயே விசாரணை நடக்கும். கடிகார வேறுபாட்டால் வரும் இடர்ப்பாட்டைக் காரணமாகக் காட்டலாகாது என்பன போன்ற நெறிகளை அது வகுத்தது. திரைக்குப் பின்னிருந்த கோஷா சாட்சியின் பழைய கேள்விகள் இரண்டுமே இங்கு விடை தேடி வந்ததைக் காணலாம்.

அடுத்த திருப்பம் குடும்ப நல நீதிமன்றங்களில் நேர்ந்தது. 1984ஆம் ஆண்டுக் குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 13ஆம் பிரிவு, வழக்குரைஞர் மூலம் வழக்காடுவதை உரிமையாகக் கொள்ள முடியாது என்கிறது. ஆகவே பிற உரிமையியல் வழக்குகளில் வழக்குரைஞரின் வருகையால் நீங்கும் சுமை இங்கே கட்சிக்காரர் மீதே விழுகிறது. கணவர் தம் ஊரில் மணவிலக்கு வழக்குத் தொடுக்க, பிறந்தகம் திரும்பிய மனைவி நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் பயணம் செய்து வாய்தாதோறும் நிற்க வேண்டும். கைக்குழந்தையோடு, வருவாயின்றி, துணைக்கு ஒருவரையும் அழைத்துக்கொண்டு செல்ல வேண்டிய பயணம் அது. அதிலிருந்து மீள, 25ஆம் பிரிவின்கீழ் வழக்கைத் தம் ஊருக்கு மாற்றுமாறு உச்ச நீதிமன்றத்தில் பெண்கள் மனுச் செய்து வந்தனர். அம்மனுக்களின் எண்ணிக்கை பெருகியது.

2017ஆம் ஆண்டு மார்ச் மாதம், கிருஷ்ணவேணி நாகம் வழக்கில் நீதிபதிகள் ஆதர்ஷ் குமார் கோயலும் உதய் உமேஷ் லலித்தும் ஒரு மாற்று வழியைக் காட்டினர். வழக்கை இடம் மாற்றுவதற்கு மாறாக, தொலைவிலுள்ள தரப்பினருக்குக் காணொலி வசதி, சட்ட உதவி, பயணச் செலவு ஆகியவற்றை வழங்கலாம் என்றனர். அதே ஆண்டு அக்டோபர் 9 அன்று, சாந்தினி எதிர் விஜய வெங்கடேஷ் வழக்கில் மூவர் அமர்வு அந்நிலையை மாற்றியது. தலைமை நீதிபதி தீபக் மிஸ்ராவும் நீதிபதி கான்வில்கரும் அடங்கிய பெரும்பான்மை, வழக்கு மாற்ற மனுவில் காணொலியை ஆணையாகத் தரலாகாது என்றது. இணக்க முயற்சி தோல்வியுற்ற பின்னர், இரு தரப்பும் சேர்ந்து வேண்டினால் மட்டும் குடும்ப நீதிமன்றம் அதனை அனுமதிக்கலாம் என்று முடிவு செய்தது. மந்தண விசாரணை, இணக்கப் பேச்சின் நெருக்கம், பெண்ணின் மாண்பு ஆகியவை அதன் காரணங்கள். மாறுபட்ட தீர்ப்பெழுதிய நீதிபதி சந்திரசூட், இரு தரப்பின் இசைவைக் கட்டாயமாக்குவதை ஏற்கவில்லை. வழக்கின் தன்மைக்கேற்பக் குடும்ப நீதிமன்றமே முடிவு செய்ய வேண்டும் என்றார்.

இரு தரப்பும் பெண்ணின் நலனையே மேற்கோளாகக் காட்டின என்பது இத்தீர்ப்பின் வரலாற்றுச் சிறப்பு. காணொலியைக் காட்டி வழக்கை இடம் மாற்ற மறுத்தால், பெண்ணுக்குக் கிடைத்து வந்த உண்மையான பாதுகாப்பு பறிபோகும் என்பது பெரும்பான்மையின் அச்சம். அவ்வச்சம் பொருளற்றதன்று. ஆனால் இசைவை நிபந்தனையாக்கியதன் விளைவு வேறொன்று. பயணத்தால் துன்புறாத தரப்பின் கையில் மறுப்புரிமை சென்று சேர்ந்தது. எதிரியைக் களைப்படையச் செய்வதையே உத்தியாகக் கொண்ட ஒருவர் இசைவு தருவார் என எதிர்பார்ப்பது கடினம்.

2020 மார்ச் மாதம் இந்த விவாதங்களையெல்லாம் ஒருங்கே புறந்தள்ளியது. ஏப்ரல் 6 அன்று உச்ச நீதிமன்றம் தானாக முன்வந்து எடுத்த வழக்கில், அரசமைப்பின் 142ஆம் உறுப்பின்கீழ், எல்லா நீதிமன்றங்களும் காணொலி வழிச் செயல்பட அதிகாரம் அளித்தது. வசதியற்ற வழக்காடிகளுக்கு நீதிமன்றங்களே காணொலி வசதி செய்து தர வேண்டும் என்றது. ஆனால் அவ்வாணையும் இரு தரப்பின் இசைவின்றிக் காணொலி வழிச் சாட்சியம் பதிவு செய்யலாகாது என வரம்பிட்டது. வாதுரை வேறு, சாட்சியம் வேறு என்னும் பழைய கோடு நெருக்கடியிலும் அழியவில்லை.

அதன்பின் உச்ச நீதிமன்றத்தின் மின்னணுக் குழு மாதிரி விதிகளை வகுத்தது. சென்னை உட்பட உயர் நீதிமன்றங்கள் தத்தம் விதிகளை இயற்றின. அம்மாதிரியின்படி ஒருவர் தொலைவிலிருந்து பங்கேற்க விரும்பினால், இயன்றவரை எதிர்த்தரப்போடு முதலில் கலந்து பேச வேண்டும். பின்னர் உரிய படிவத்தில் வேண்டுகோள் அளிக்க வேண்டும். விசாரணையை இழுத்தடிக்கும் நோக்கம் இல்லை என நிறைவடைந்த பின்னரே நீதிமன்றம் இசைவளிக்கும். சாட்சியம் அளிப்பதாயின், நீதிமன்றத்திலும் தொலைவிடத்திலும் ஒவ்வோர் ஒருங்கிணைப்பாளர் இருக்க வேண்டும். வெளிநாட்டில் அப்பொறுப்பு இந்தியத் தூதரக அலுவலருடையது. வேற்று மாநிலத்தில் உள்ளூர் நீதிமன்ற அலுவலருடையது. மருத்துவமனையில் அதன் கண்காணிப்பாளருடையது. உரிமையியல் வழக்கில் செலவு பொதுவாக வேண்டுபவரையே சாரும். அடையாளம் காட்டுபவர், அருகில் எவரும் தூண்டாமல் காப்பவர், செலவேற்பவர் என, 26ஆம் கட்டளையின் ஆணையர் முறையில் இருந்த பாத்திரங்கள் யாவும் இங்கே புதுப்பெயர்களில் உள்ளன.

இன்றைய நிலையில் மூன்று சிக்கல்கள் எஞ்சியுள்ளன. முதலாவது, சட்ட அடிப்படை. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 530ஆம் பிரிவு, குற்றவியல் நடவடிக்கைகளை மின்னணு வழியில் நடத்தச் சட்டத்திலேயே இடமளிக்கிறது. உரிமையியல் தொகுப்பில் அதற்கு இணையான பொதுப் பிரிவு சேர்க்கப்படவில்லை. உயர் நீதிமன்ற விதிகளே தாங்கி நிற்கின்றன. 2023 அக்டோபரில் சர்வேஷ் மாத்தூர் வழக்கில், எந்த உயர் நீதிமன்றமும் காணொலி வசதியை மறுக்கலாகாது என உச்ச நீதிமன்றம் ஆணையிட நேர்ந்ததே, அவ்வசதி நீதிமன்றத்திற்கு நீதிமன்றம் வேறுபட்டிருந்ததைக் காட்டுகிறது. அவ்வாணை உயர் நீதிமன்றங்களை நோக்கியது. பெரும்பாலான உரிமையியல் வழக்குகள் தொடங்குவதோ மாவட்ட, முன்சீப் நீதிமன்றங்களில்.

இரண்டாவது, ஏற்றத்தாழ்வு. கருவி, இணைய இணைப்பு, பயன்படுத்தும் திறன் ஆகிய மூன்றிலும் நிலவும் பிளவுகளை நாடாளுமன்ற நிலைக்குழு 2020 செப்டம்பர் அறிக்கையிலேயே சுட்டியது. மின்னணு நீதிமன்றத் திட்டத்தின் மூன்றாம் கட்டத்திற்கு 2023இல் ஒன்றிய அமைச்சரவை 7,210 கோடி ரூபாய் ஒப்புதல் அளித்துள்ளது. அந்நிதி சிற்றூர் வழக்காடிக்கு அருகில் ஒரு தொலைவிடத்தை உருவாக்குமா, நீதிமன்றக் கட்டடத்திற்குள்ளேயே கருவிகளாக நின்றுவிடுமா என்பதைப் பொறுத்தே அதன் பயன் அமையும்.

மூன்றாவது, விருப்புரிமை. 132, 133ஆம் பிரிவுகளின் விலக்குகள் சட்டத்தால் தரப்பட்டவை; நீதிபதியின் இரக்கத்தையோ எதிர்த்தரப்பின் இசைவையோ அவை வேண்டி நிற்பதில்லை. ஓர் அமைச்சர் நேரில் வராமலிருக்கலாம்; அதற்கு அவர் காரணம் சொல்ல வேண்டியதில்லை. ஒரு நாள் கூலியை இழந்து இரவுப் பேருந்தில் வரும் வழக்காடியோ படிவம் நிரப்பி, எதிரியோடு கலந்து பேசி, செலவையும் ஏற்று, இசைவுக்குக் காத்திருக்க வேண்டும். நீதிமன்றத்தின் ஐயங்கள் சாட்சியத்தைப் பொறுத்தவரை நியாயமானவை. அவற்றைக் களைய ஒருங்கிணைப்பாளர் போன்ற ஏற்பாடுகளும் உள்ளன. ஆனால் வெறும் வாய்தாவிற்கும், வாதுரை கேட்பதற்கும், கட்சிக்காரர் தம் வழக்கின் போக்கைத் தாமே காண்பதற்கும் அந்த ஐயங்கள் பொருந்தா. 3ஆம் கட்டளை வழக்குரைஞரின் வருகையைக் கட்சிக்காரரின் வருகையாக ஏற்ற அந்நாளிலேயே, உடலின் இருப்பு இன்றியமையாதது என்னும் கொள்கையைச் சட்டம் கைவிட்டுவிட்டது. வழக்குரைஞரை அமர்த்த இயலாதவருக்கும் அதே விலக்கைத் தொலைத்தொடர்பின் வழியே உரிமையாக வழங்குவதா என்பதே இப்போது சட்டமியற்றுவோர் முன்னுள்ள கேள்வி. அதற்குரிய இடம் உரிமையியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பேயாகும். பெருந்தொற்றுக் கால ஆணைகளும் தனித்தனி உயர் நீதிமன்ற விதிகளும் அதற்கு நிலையான ஈடாக அமைய முடியாது.